கீழ்த்தாடை முறிவு கோடிங்: எந்த இடம், எந்தப் பக்கம், ஓப்பனா இல்லையா

ஒரு நோயாளியின் சார்ட்டில் எஸ்02.609 என்ற டயக்னோசிஸ் கோட் போடப்பட்டிருந்தால், அந்தச் சார்ட்டை முதல் பக்கத்துக்கு மேல் யாரும் புரட்டவில்லை என்றே பெரும்பாலும் அர்த்தம். 'கீழ்த்தாடை முறிவு, இடம் குறிப்பிடப்படவில்லை' என்பதற்கான கோட் அது. எமர்ஜென்சி டாக்டர் அவசரத்தில் 'தாடை எலும்பு முறிவு' என்று மட்டும் எழுதியிருக்கலாம். ஆனால் அதே சார்ட்டில் சி.டி. ரிப்போர்ட் இருக்கும், வாய் முக அறுவை சிகிச்சை நிபுணரின் கன்சல்ட் நோட் இருக்கும், ஆபரேஷன் நடந்திருந்தால் அதன் நோட்டும் இருக்கும். எங்கே உடைந்தது என்று தெரியாமல் யாரும் தாடையில் பிளேட் வைப்பதில்லை. ஆக, தேடினால் இடம் கிடைக்கும்.

இங்கே சொல்வதெல்லாம் அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் உள்ள ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் கோட் பட்டியல் பற்றியது. உலக சுகாதார நிறுவனத்தின் மூல ஐசிடி-10-இல் கீழ்த்தாடைக்கு எஸ்02.6 என்ற ஒரே இடம்தான். முக எலும்புகள் பல உடைந்திருந்தால் எஸ்02.7 என்று ஒன்று உண்டு. சிஎம் பதிப்பில் எஸ்02.7 கிடையாது. இரண்டையும் மாற்றி மாற்றிப் பார்ப்பவர்கள் இங்கேதான் முதலில் தடுமாறுகிறார்கள். எழுத்து பற்றி ஒரு குறிப்பு: 'டீ' என்று எழுதியிருப்பது எஸ்-க்கு அடுத்து வரும் எழுத்து, 'டி' என்பது சி-க்கு அடுத்தது. முறிவு ஓப்பனா, சிகிச்சை எந்தக் கட்டத்தில் என்பதைக் காட்டும், கோடின் கடைசியில் வரும் ஏழாவது எழுத்தைப் பெரும்பாலும் தனியாகச் சொல்லியிருக்கிறேன்.

முறிவு இருக்கிறது என்ற டயக்னோசிஸ் சிகிச்சை தரும் டாக்டரிடமிருந்து வர வேண்டும். அவர் கீழ்த்தாடை முறிவு என்று எழுதிவிட்டால், எந்த இடம் என்ற விவரத்தை ரேடியாலஜி ரிப்போர்ட்டிலிருந்து எடுத்துக்கொள்ளலாம். உள்நோயாளி சார்ட்டில் ரிப்போர்ட் மட்டும் முறிவைச் சொல்லி, டாக்டர் வாயே திறக்கவில்லை என்றால் அதற்கு கோட் போடக் கூடாது. டாக்டரிடம் விளக்கம் கேட்டு எழுதும் கேள்வியை, அதாவது க்வெரியை, அனுப்ப வேண்டும்.

தாடையைச் சுற்றி ஒரு நடை

மேலிருந்து கீழாகப் போகலாம். காதுக்கு முன்னால் இருக்கும் மூட்டுப் பகுதி காண்டைல், எஸ்02.61. அதற்குச் சற்றுக் கீழே சப்காண்டைலார், எஸ்02.62. கன்ன எலும்பின் வளைவுக்குப் பின்னால் மறைந்திருக்கும் கொரொனாய்டு, எஸ்02.63. செங்குத்தாக இறங்கும் பட்டை ரேமஸ், எஸ்02.64. அது திரும்பும் மூலை ஆங்கிள், எஸ்02.65. முன்னால் நடுக்கோட்டில் சிம்ஃபைசிஸ், எஸ்02.66. பற்களைத் தாங்கும் விளிம்பு ஆல்வியோலஸ், எஸ்02.67. பெயர் சொல்லப்பட்டும் இந்த வரிசையில் தனி இடம் இல்லாதவை எஸ்02.69-க்குப் போகும்.

பாடி எங்கே என்று கேட்பீர்கள். அது எஸ்02.60-க்குள்ளேயே ஒளிந்திருக்கிறது: வலது என்றால் எஸ்02.601, இடது என்றால் எஸ்02.602, பக்கம் தெரியாவிட்டால் எஸ்02.600. தலைப்பில் 'பாடியின் குறிப்பிடப்படாத பகுதி' என்று இருப்பதால், 'குறிப்பிடப்படாத' என்ற சொல்லைப் பார்த்ததும் பயந்து எஸ்02.69-க்கு ஓடுபவர்கள் உண்டு. டாக்டர் 'வலது பாடி முறிவு' என்று எழுதியிருந்தால் எஸ்02.601 தான் சரியான கோட்.

காண்டைலுக்கும் சப்காண்டைலுக்கும் நடுவே தகராறு வருவது 'காண்டைலார் நெக்' என்ற சொல்லால். உடற்கூற்றின்படி தலையும் கழுத்தும் சேர்ந்ததுதான் காண்டைலார் ப்ராசஸ். அதனால் டாக்டர் 'சப்காண்டைலார்' என்ற சொல்லையே எழுதாதவரை கழுத்து முறிவை எஸ்02.61-இல் வைப்பதுதான் எனக்கு நியாயமாகப் படுகிறது. ரேடியாலஜி ஒன்று சொல்லி சர்ஜன் வேறொன்று சொன்னால் சர்ஜன் பக்கமே நிற்க வேண்டும். அதிலும் சந்தேகம் என்றால் க்வெரி.

பாராசிம்ஃபைசிஸ் இன்னொரு தலைவலி. கோரைப்பல் பகுதியில் விழும் இந்த முறிவை சர்ஜன்கள் நாள்தோறும் எழுதுகிறார்கள். கோட் பட்டியலில் அதற்கென்று தனி வரி இல்லை. சிலர் சிம்ஃபைசிஸுடன் சேர்க்கிறார்கள், சிலர் எஸ்02.69-இல் போடுகிறார்கள், சிலர் பாடி என்கிறார்கள். இடத்தின் பெயர் தெளிவாக இருந்து, அதற்கு இடம் இல்லை என்றால் எஸ்02.69 என்பது அமைப்பின் சொந்தத் தர்க்கத்துக்குப் பொருந்துகிறது. எதை எடுத்தாலும் டீம் முழுவதும் ஒன்றையே எடுக்க வேண்டும். அதைக் கொள்கையாக எழுதி வைக்க வேண்டும். ஒரே கணக்கில் இரண்டு கோடர்கள் இரண்டு விதமாகப் போட்டால் ஆடிட்டில் பதில் சொல்ல வழியில்லை.

எஸ்02.66, எஸ்02.69 இரண்டுக்கும் பக்கம் கிடையாது. ஆறாவது இடத்தில் எக்ஸ் என்ற நிரப்பெழுத்து வைத்த பிறகே ஏழாவது எழுத்து வர வேண்டும்: எஸ்02.66எக்ஸ்ஏ. எக்ஸ் விட்டுப்போனால் கோட் செல்லாது, க்ளெய்ம் திரும்பி வரும்.

பக்கம்

கீழ்த்தாடையின் மற்ற இடங்களுக்கு ஆறாவது எழுத்து 0 என்றால் பக்கம் தெரியாது, 1 வலது, 2 இடது. இந்தப் பிரிவு 2016 அக்டோபர் 1 அன்று வந்தது. அதற்கு முன் காண்டைலுக்கு எஸ்02.61எக்ஸ்ஏ என்ற ஒரே கோட் தான். இன்றும் சுற்றி வரும் பழைய 'சீட் ஷீட்' என்ற சுருக்கக் குறிப்புத் தாள்களில் அந்த வடிவம் அப்படியே இருக்கிறது. ஒவ்வோர் அக்டோபர் 1-ஆம் தேதியும் பதிப்பு மாறுகிறது. அச்சடித்துச் சுவரில் ஒட்டிய தாளை நம்பிக் கோட் போடுவது வேண்டாத வேலை.

இருபக்கம் என்பதற்கு எஸ்02.6-இல் கோட் இல்லை. இரண்டு காண்டைலும் உடைந்திருந்தால் எஸ்02.611, எஸ்02.612 என்று இரண்டு வரி. ஆனால் தாடை மூட்டு நழுவலுக்கு, அதாவது எஸ்03.0-க்கு, இருபக்கக் கோட் உண்டு: எஸ்03.03. ஒரே இடத்தில் முறிவும் நழுவலும் இருந்தால் கோட் பட்டியலின் இண்டெக்ஸ் முறிவையே பார்க்கச் சொல்கிறது. இரண்டையும் போடத் தேவையில்லை.

டாக்டர் பக்கத்தை எழுத மறந்திருந்தால் சார்ட்டில் உள்ள மற்ற மருத்துவப் பணியாளர்களின் குறிப்பிலிருந்து பக்கத்தை எடுக்க கைட்லைன் இடம் தருகிறது. குறிப்புகள் ஒன்றுக்கொன்று முரண்பட்டால் டாக்டரைத்தான் கேட்க வேண்டும். பல் எண்ணும் நல்ல துப்பு. அமெரிக்க முறையில் கீழ் வரிசைப் பற்கள் 17 முதல் 32 வரை. 17-24 இடது, 25-32 வலது. 'முறிவுக் கோட்டில் 32-ஆம் பல்' என்று ஒரு நோட்டில் இருந்து, இன்னொன்றில் 'இடது ஆங்கிள்' என்று இருந்தால் எங்கோ தவறு நடந்திருக்கிறது. பன்னாட்டு முறையில் எண் போடும் பல் மருத்துவர் அதே வலது கடைவாய்ப் பல்லை 48 என்று எழுதுவார். இரண்டு முறையும் ஒரே சார்ட்டில் கலந்து கிடப்பது அபூர்வம் இல்லை.

ஒன்றுக்கு மேல் உடைந்தால்

கீழ்த்தாடை ஒரு வளையம் போலச் செயல்படுவதால் ஓரிடத்தில் விழுந்த அடி எதிர்ப்பக்கத்தையும் சேர்த்து உடைப்பது சாதாரணம். ஒரு முறிவைக் கண்டதும் அடுத்ததைத் தேட வேண்டும். பழைய ஐசிடி-9-இல் 802.29 என்று 'பல இடங்கள்' கோட் இருந்தது. ஒன்றைப் போட்டு முடித்துவிடலாம். இப்போது அது இல்லை. ஒவ்வோர் இடத்துக்கும் ஒரு கோட்.

தாடை நுனி தரையில் மோதும்படி குப்புற விழுந்தவரை எடுத்துக்கொள்வோம். நடுவில் சிம்ஃபைசிஸ் பிளந்திருக்கிறது, இரண்டு காண்டைலும் உடைந்திருக்கின்றன. கோட்கள்: எஸ்02.66எக்ஸ், எஸ்02.611, எஸ்02.612. மூன்றுக்கும் ஏழாவது எழுத்து தனித்தனியாக முடிவாக வேண்டும். சிம்ஃபைசிஸ் ஓப்பன், காண்டைல்கள் க்ளோஸ்டு என்பது முழுக்கச் சாத்தியம். ஒன்றுக்குப் போட்ட பி-யை (ஓப்பன் முறிவுக்கான எழுத்து) மூன்றுக்கும் இழுத்துவிடக் கூடாது. கோட்களின் வரிசை முறிவின் தீவிரத்தைப் பொறுத்தது. எது தீவிரம் என்பதை டாக்டர்தான் சொல்ல வேண்டும், கோடர் ஊகிக்கக் கூடாது.

ஓப்பன், க்ளோஸ்டு

தாடை முறிவில் அதிகம் பிசகுவது இங்கேதான். மூன்று குழப்பங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக உட்கார்ந்திருக்கின்றன.

முதலாவது, ஆபரேஷனின் பெயர். 'ஓப்பன் ரிடக்ஷன்' என்றால் சர்ஜன் திசுவை வெட்டித் திறந்து எலும்பைப் பொருத்தினார் என்று பொருள். அது அவர் செய்த வேலையின் பெயர். முறிவு ஓப்பனா என்பது அடிபட்ட கணத்தில் எலும்புக்கும் வெளிக்கும் தொடர்பு ஏற்பட்டதா என்ற கேள்வி. க்ளோஸ்டு முறிவை ஓப்பன் ரிடக்ஷன் செய்வது அன்றாடம் நடப்பது. ஆபரேஷன் தலைப்பைப் பார்த்து பி போட்டால் அது தவறு.

இரண்டாவது, சொற்கள். 'காம்பவுண்ட்' என்றால் ஓப்பன். 'காம்மின்யூட்டட்' என்றால் எலும்பு பல துண்டாக நொறுங்கியது. அதை மட்டும் வைத்துப் பார்த்தால் க்ளோஸ்டு கணக்கில்தான் வரும். இரண்டும் காதில் ஒரே மாதிரி விழுவதால், டிக்டேஷனில்கூட ஒன்று மற்றொன்றாகிவிடுகிறது. க்ரீன்ஸ்டிக், லீனியர், இம்பாக்டட், சிம்பிள் எல்லாம் க்ளோஸ்டு பக்கம். தொற்றேறிய முறிவு, குண்டு பாய்ந்த முறிவு, அந்நியப் பொருள் சிக்கிய முறிவு ஓப்பன் பக்கம்.

மூன்றாவதுதான் தாடைக்கே உரியது. கை கால் எலும்பில் தோல் கிழிந்தால்தான் ஓப்பன் என்று பழகிய கண், தாடையில் முகத்தோல் நன்றாக இருப்பதைப் பார்த்து க்ளோஸ்டு என்று முடிவு கட்டிவிடும். ஆனால் பல் இருக்கும் பகுதியில் முறிவுக் கோடு பல்லின் குழி வழியே போனால், பல்லைச் சுற்றியுள்ள தசைநார் இடைவெளி மூலமாக எலும்புக்கும் வாய்க்கும் தொடர்பு வந்துவிடுகிறது. ஈறு கிழிந்து எலும்பு தெரிந்தால் கேட்கவே வேண்டாம். அதனால்தான் ஆங்கிள், பாடி, சிம்ஃபைசிஸ் முறிவுகளை சர்ஜன்கள் மனதளவில் ஓப்பனாகவே நடத்துகிறார்கள்; ஆன்டிபயாட்டிக் தொடங்குகிறார்கள். மனதில் இருப்பது நோட்டில் வருவதில்லை, அதுதான் சிக்கல். காண்டைல், கொரொனாய்டு, ரேமஸின் மேற்பகுதி இவற்றைச் சுற்றித் தசை இருப்பதால் பெரும்பாலும் க்ளோஸ்டு.

கோடர் இந்த மருத்துவ அறிவை வைத்து நேராக பி போட முடியாது. ஓப்பன், க்ளோஸ்டு எதுவும் சொல்லப்படாத முறிவுக்கு க்ளோஸ்டு என்று கோட் போட வேண்டும் என்பதே விதி. அறிவு பயன்படுவது க்வெரியில். அதைக் கேட்கும் விதமும் முக்கியம். 'இது ஓப்பன் தானே?' என்று கேட்டால் பதிலை நாமே வாயில் ஊட்டியதாகிவிடும். இப்படி எழுதலாம்:

'ஆபரேஷன் நோட்டில் இடது ஆங்கிள் முறிவுக் கோடு 17-ஆம் பல்லின் குழி வழியாகச் செல்வதாகவும், அந்த இடத்தில் ஈறு கிழிந்திருப்பதாகவும் உள்ளது. இந்த முறிவின் வகையைத் தங்கள் மருத்துவக் கணிப்பின்படி குறிப்பிடவும்: ஓப்பன் / க்ளோஸ்டு / வேறு / தீர்மானிக்க இயலவில்லை.'

ஆதாரம் சார்ட்டிலிருந்து, தெரிவுகள் சமமாக, முடிவு டாக்டரிடம்.

ஓப்பன் என்று பதில் வந்தால் அந்த முறிவுக்கு வாசலாக அமைந்த காயத்தைத் தனியாக எஸ்01-இல் போடுவதற்கு முன் எஸ்01-இன் கீழுள்ள விலக்குக் குறிப்பைப் படியுங்கள். முறிவோடு தொடர்பில்லாத காயத்துக்குத் தனிக் கோட் உண்டு. உதடு கிழிந்திருந்தால் எஸ்01.511, வாய்க்குள் கிழிந்திருந்தால் எஸ்01.512, இரண்டும் அந்நியப் பொருள் இல்லாத கிழிசலுக்கு.

ஏழாவது எழுத்து

எஸ்02-க்கு ஆறு எழுத்துகள்தான்: ஏ, பி, டி, ஜி, கே, எஸ். ஏ க்ளோஸ்டு முறிவுக்குச் செயல்முறைச் சிகிச்சை ('ஆக்டிவ் ட்ரீட்மென்ட்'), பி ஓப்பன் முறிவுக்கு அதே. டி சரியாக ஆறி வரும்போது, ஜி தாமதமாக ஆறும்போது, கே சேராமல் நிற்கும்போது, எஸ் பின்விளைவு. கை கால் எலும்புகளில் ஓப்பன் முறிவின் தரத்தைப் பிரித்துக்காட்டும் எழுத்துகள் இங்கே இல்லை. ஓப்பனாக இருந்த முறிவும் ஆறும் கட்டத்தில் டி தான்.

ஏ என்பதை 'முதல் விசிட்' என்று மனப்பாடம் செய்தவர்கள் தொடர்ந்து தவறு செய்வார்கள். எமர்ஜென்சியில் பார்த்தது ஏ. அங்கிருந்து வேறு ஆஸ்பத்திரிக்கு அனுப்பி அங்கே சர்ஜன் பார்த்தது ஏ. ஐந்து நாள் கழித்து வீக்கம் வடிந்த பின் பிளேட் வைத்த ஆபரேஷனும் ஏ. அடிபட்டு மூன்று வாரம் வீட்டில் இருந்துவிட்டு இப்போதுதான் வந்தவருக்கும் ஏ அல்லது பி. சிகிச்சைக்குத் தாமதமாக வந்ததால் அது டி ஆகிவிடாது. ஆபரேஷனுக்குப் பின் ஆறுவதைப் பார்க்க எடுத்த எக்ஸ்ரே, கடித்தால் பல் பொருந்துகிறதா என்று பார்க்கும் விசிட், பல்லோடு பல் கட்டிய கம்பியையும் பல் வரிசையில் பொருத்திய உலோகப் பட்டையான ஆர்ச் பாரையும் கழற்றுவது எல்லாம் டி. கம்பி கழற்றும் விசிட்டுக்கு ஆஃப்டர்கேர், அதாவது பின்பராமரிப்பு, இசட் கோட் தேடுவது பழைய பழக்கம். ஏழாவது எழுத்து உள்ள காயங்களுக்கு அது கூடாது.

கோணலாகச் சேர்ந்த முறிவுக்கு மற்ற எலும்புகளில் ஓர் எழுத்து உண்டு, ஆங்கில வரிசையில் ஓ-வுக்கு அடுத்து வருவது. அந்த எழுத்து எஸ்02-இல் இல்லை. பழக்க தோஷத்தில் போட்டால் கோட் செல்லாது. கோணலாகச் சேர்ந்ததால் பல் பொருந்தவில்லை என்று டாக்டர் தொடர்பைச் சொல்லியிருந்தால், பின்விளைவு முறையில் போகலாம்: முதலில் இப்போதைய பிரச்சினை, பிறகு பழைய முறிவு எஸ் எழுத்தோடு. காண்டைல் முறிவுக்குப் பின் வலது மூட்டு இறுகிப்போனவருக்கு எம்26.611 முதலில், எஸ்02.611எஸ் அடுத்து. வரிசையை மாற்றக் கூடாது.

பிளேட்டில் தொற்று வந்து மறுபடி அட்மிட் ஆனால் முன்னால் நிற்க வேண்டியது டீ84.69, தொற்றுக்குச் செயல்முறைச் சிகிச்சை நடப்பதால் அதன் ஏழாவது எழுத்து ஏ. பிளேட் உடைந்தால் டீ84.218. சிக்கலின் எழுத்தும் முறிவின் எழுத்தும் ஒன்றாக இருக்க வேண்டிய அவசியம் இல்லை.

மேல்தாடை, சுருக்கமாக

மேல்தாடை முறிவின் வகைகளான லெ ஃபோர் ஒன்று, இரண்டு, மூன்று முறையே எஸ்02.411, 412, 413. பிரெஞ்சு சர்ஜன் ரெனே லெ ஃபோர் 1901-இல் வெளியிட்ட வகைப்பாடு இன்றும் அப்படியே கோடில் இருக்கிறது. இவற்றுக்குப் பக்கம் கிடையாது. ஒரு பக்கம் இரண்டாம் வகை, மறுபக்கம் மூன்றாம் வகை என்று சர்ஜன் எழுதியிருந்தால் இரண்டு கோடும் வரும். வெறும் மேல்தாடை முறிவுக்கு வலது எஸ்02.40சி, இடது எஸ்02.40டி, ஆறாவது இடத்தில் எழுத்து வருவதைப் பார்த்து அதையே ஏழாவது என்று எண்ணி நிறுத்திவிடாதீர்கள், அதற்குப் பின்னும் ஓர் எழுத்து வேண்டும். மேல்தாடை ஆல்வியோலஸுக்கு (எஸ்02.42) பக்கம் இல்லை, கீழ்த்தாடை ஆல்வியோலஸுக்கு உண்டு. அண்ணம் பிளந்திருந்தால் அது மேல்தாடைக் கோடில் சேராது, எஸ்02.8-க்குப் போகும்.

கூடவே வருபவை

பல் உடைந்தால் எஸ்02.5எக்ஸ்எக்ஸ், எத்தனை பல் உடைந்தாலும் ஒரே முறை. அடிபடாமல் விரிசல் விட்ட பல் கே03.81, அதை இங்கே கொண்டுவரக் கூடாது. பல் குழியிலிருந்து கழன்று வந்திருந்தால் எஸ்03.2. கீழ் உதட்டில் மரத்துப்போனது என்பதை டாக்டர் நரம்புக் காயம் என்று எழுதினால், கீழ்ப்பல் நரம்பு முக்கிளை நரம்பின் கிளை என்பதால் எஸ்04.31 அல்லது எஸ்04.32 கூடச் சேரும். மரத்துப்போனது என்று மட்டும் இருந்தால் நாமாக நரம்புக் காயம் ஆக்க முடியாது. மூளைக் காயம் இருந்தால் எஸ்06-ஐயும் சேர்க்கச் சொல்லி எஸ்02-இன் தலைப்பிலேயே குறிப்பு இருக்கிறது.

பலமான அடி எதுவும் இல்லாமல், சாப்பிடும்போதே தாடை உடைந்தது என்றால் எஸ்02-ஐ மூடிவைத்துவிட்டு நோயால் வரும் முறிவுகளுக்கான எம்84-க்குப் போங்கள். புற்றுநோயால் என்றால் எம்84.58, வேறு எலும்பு நோயால் என்றால் எம்84.68, அத்துடன் மூல நோயின் கோட். எலும்பு மருந்துகளால் தாடை எலும்பு இறந்துபோயிருந்தால் அது எம்87.180, கதிர்வீச்சால் என்றால் எம்27.2. எம்84-இல் ஓப்பனுக்கான பி இல்லை, கோணலாகச் சேர்ந்ததைக் காட்டும், எஸ்02-இல் இல்லாத எழுத்து இங்கே உண்டு. நோய் முறிவு என்ற சொல்லை டாக்டர் எழுதியிருக்க வேண்டும் என்பது மட்டும் மாறாது.

கடைசியில் காரணக் கோட்கள், அதாவது அடி எப்படிப் பட்டது என்பதைச் சொல்பவை. அவை எப்போதும் முதல் வரியில் வராது. அவற்றின் ஏழாவது எழுத்து ஏ, டி, எஸ் மூன்றில் ஒன்றுதான். முறிவு பி என்றால் காரணம் ஏ, முறிவு கே என்றால் காரணம் டி. மென்பொருள் முறிவின் எழுத்தையே கீழ் வரிக்கும் நகலெடுத்து, ஒய்04.0 கைகலப்புக் கோடுக்கு பி ஒட்டிவிடுவது உண்டு. சம்பவ இடம், செய்த செயல், அப்போதைய நிலை ஆகிய ஒய்92, ஒய்93, ஒய்99 ஒரே ஒரு முறை, முதல் சிகிச்சையின்போது மட்டும். ஆர்ச் பார் கழற்றும் விசிட்டில் அவற்றை நீக்கிவிடுங்கள்.